மங்கம்மாள் கொடுத்த மானியமும் மீனாட்சிக்குச் செய்த சத்தியமும்

 

மழை பெய்தால் கரிசல் மண் களியாகிக் காலைப் பற்றிக்கொள்ளும். கோடையில் அதே மண் மாட்டின் குளம்பு சிக்கும் அளவுக்கு வெடித்துப் பிளக்கும். புதூர், விளாத்திகுளம், எட்டயபுரம், கோவில்பட்டி வட்டாரத்தில் வாழ்வோருக்கு இதை எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. தார்ச்சாலை இல்லாத காலத்தில் பொதிமாடும் வண்டியுமாக இந்த மண்ணைக் கடந்து தெற்கே செல்வது பெரும்பாடாக இருந்திருக்கும். அந்தப் பாட்டைக் குறைத்தவர் என்று மக்கள் இன்றளவும் ஒரு பெண்ணின் பெயரையே சொல்கின்றனர். மதுரையிலிருந்து கன்னியாகுமரி நோக்கிச் செல்லும் பழைய வழிக்கு மங்கம்மாள் சாலை என்று பெயர். சாலையோரத்து மரங்களும், வழிப்போக்கர் தங்கும் சத்திரங்களும், தண்ணீர்ப் பந்தல்களும் அவர் பெயரோடு சேர்த்தே நினைக்கப்படுகின்றன.

அந்த அரசி, முஸ்லிம்களின் தர்கா ஒன்றுக்கு ஊர்களை மானியமாக வழங்கியவர். அவருக்குப் பின் அதே திருச்சிக் கோட்டையில் ஆட்சி செய்த இன்னோர் அரசியோ, குர்ஆனின் பெயரால் செய்யப்பட்ட ஒரு சத்தியத்தை நம்பி ஆட்சியையும் உயிரையும் இழந்தவர். முதல் செய்தியை நாம் மகிழ்ச்சியோடு மேடைகளில் சொல்கிறோம். இரண்டாவதை அவ்வளவாகச் சொல்வதில்லை. இரண்டையும் ஒருசேர நினைவுகூர்வதே இப்பதிவின் நோக்கம்.

பேரன் பெயரால் ஆண்ட பாட்டி

17-ஆம் நூற்றாண்டின் இறுதியில் நமது கரிசல் பூமி மதுரை நாயக்கர் அரசின் கீழ் இருந்தது. எட்டயபுரம் முதலிய பாளையங்கள் அந்த அரசுக்குத் திறை செலுத்தின. அரசின் தலைநகரம் அப்போது திருச்சிராப்பள்ளி. மன்னர் சொக்கநாத நாயக்கர் 1682-இல் மறைந்தார். அவருடைய மகன் அரங்க கிருஷ்ண முத்துவீரப்பர் ஏழாண்டுகள் மட்டுமே ஆண்டு, 1689-இல் அம்மை நோயால் இறந்தார். அப்போது அவருடைய மனைவி கருவுற்றிருந்தார். குழந்தை பிறந்த சில நாள்களில், கணவரை இழந்த துயரம் தாளாமல் அந்தத் தாயும் உயிர் துறந்தார். எஞ்சியவர்கள் இருவரே: மகனையும் மருமகளையும் இழந்த பாட்டி, பெற்றோரை இழந்த பச்சிளங்குழந்தை.

மூன்று மாதக் குழந்தையான விஜயரங்க சொக்கநாதருக்கு முடிசூட்டிவிட்டு, பாட்டி மங்கம்மாள் ஆட்சிப் பொறுப்பை ஏற்றார். அரியணை பேரனுக்கு உரியது. ஆணையிடுவதும், தளவாயை நியமிப்பதும், தூதர்களை வரவேற்பதும், வரிக்கணக்குக் கேட்பதும் பாட்டியின் வேலை. ஏறத்தாழ 17 ஆண்டுகள் இந்நிலை நீடித்தது.

பெண்ணுக்கு அதிகாரம் வரும் வழி அக்காலத்தில் பெரும்பாலும் இதுவே. தனக்கென அரசுரிமை கோரி அல்ல. தாயாக, பாட்டியாக, விதவையாக, இன்னொருவருக்கு உரியதைக் காத்துக் கொடுப்பவராக அவள் ஆட்சிக்கு வருகிறாள். நம் வழக்கில் சொன்னால் அவள் கையில் இருப்பது ஓர் அமானிதம். உரியவர் வளர்ந்து கேட்கும்வரை அதைச் சேதமின்றி வைத்திருக்க வேண்டும். ஆனால் உரியவர் வளரும் நாளே அவளுக்கு ஆபத்தான நாளாகவும் ஆகிவிடும். மங்கம்மாளின் முடிவும் அப்படியே சொல்லப்படுகிறது. பேரன் பருவம் எய்தியபோது அரண்மனையில் பிளவு உண்டாகி, தம் சொந்த மாளிகையிலேயே அடைக்கப்பட்டு, உணவின்றி அவர் இறந்தார் என்பது வழிவழியாக வரும் செய்தி.

வாளும் திறையும்

மங்கம்மாள் பொறுப்பேற்றபோது தென்னாட்டின் நிலை எளிதாக இல்லை. ஔரங்கசீப்பின் தளபதி சுல்பிகார் கான் செஞ்சிக் கோட்டையை முற்றுகையிட்டிருந்தார். தஞ்சையில் மராட்டியர், மேற்கே மைசூர், தெற்கே திருவிதாங்கூர், கிழக்கே இராமநாதபுரத்துக் கிழவன் சேதுபதி என நாற்புறமும் வலிமை மிக்கவர்கள் இருந்தனர். முகலாயப் படையோடு மோதுவது தற்கொலைக்கு ஒப்பாகும் என்று கணித்த மங்கம்மாள், பேரரசின் மேலாண்மையை ஏற்றுத் திறை செலுத்தினார். நாடு போர்க்களமாகாமல் தப்பியது.

இதைப் படிக்கும்போது திருக்குர்ஆனின் 27-ஆவது அத்தியாயமான அந்நம்லில் வரும் சபா நாட்டு அரசியின் நினைவு நமக்கு வராமல் இராது. சுலைமான் (அலை) அவர்களின் கடிதம் கிடைத்ததும் அவர் தம் தலைவர்களைக் கூட்டி ஆலோசனை கேட்கிறார். அவர்கள் தங்கள் படைவலிமையைச் சொல்லி, முடிவை அவரிடமே விடுகின்றனர். படையெடுப்பு நேர்ந்தால் ஊரும் மக்களும் என்ன ஆவார்கள் என்பதை எண்ணிப் பார்த்த அந்த அரசி, முதலில் அன்பளிப்போடு தூதரை அனுப்புகிறார். அவசரமற்ற, ஆலோசனையை மதிக்கும் ஓர் ஆட்சியாளராக அவர் அங்கே காட்டப்படுகிறார். பெண்ணின் ஆட்சி குறித்து மார்க்க அறிஞர்களிடையே நெடுங்கால விவாதம் உண்டு. அதற்குள் நாம் இங்கு நுழையவில்லை. ஆட்சியில் அறிவு எப்படி வேலை செய்கிறது என்பதற்கு ஒரு பெண்ணின் வரலாறு நமக்கு எடுத்துக்காட்டாகத் தரப்பட்டிருக்கிறது என்பதை மட்டும் நினைவில் கொள்வோம்.

மங்கம்மாள் போரை அறவே தவிர்த்தவரும் அல்லர். 1697-இல் தளவாய் நரசப்பையாவின் தலைமையில் திருவிதாங்கூர்மீது படை சென்று வென்று திரும்பியது. 1700-இல் தஞ்சையோடு நடந்த போரிலும் வெற்றி கிட்டியது. 1702-இல் சேதுபதியோடு நடந்த போரில் தோல்வி நேர்ந்தது. தளவாயும் களத்தில் மாண்டார். வெற்றியும் தோல்வியும் கலந்ததே அவர் ஆட்சி. ஆயினும் மக்கள் மனத்தில் தங்கியவை போர்கள் அல்ல. மதுரை இரயில் நிலையத்துக்கு எதிரே இன்றும் நிற்கும் மங்கம்மாள் சத்திரமும், இன்று காந்தி அருங்காட்சியகமாக விளங்கும் தமுக்கம் மாளிகையும், நம் வட்டாரத்தை ஊடறுத்துச் செல்லும் சாலையும்தான் அவரை நமக்கு அறிமுகப்படுத்துகின்றன.

தர்காவுக்கு வந்த மானியம்

திருச்சியில் நத்ஹர் வலி (ரஹ்) அவர்களின் தர்கா தென்னகத்தின் பழைமையான தர்காக்களுள் ஒன்று. 1701-ஆம் ஆண்டு, மங்கம்மாளின் ஆட்சிக்காலத்தில், திருச்சிக்கு அருகிலிருந்த சில ஊர்கள் இத்தர்காவின் பராமரிப்புக்காக மானியமாக விடப்பட்டன. மானியம் என்பது ஒருநாள் அன்பளிப்பு அன்று. அந்த ஊர்களின் விளைச்சலிலிருந்து அரசுக்குச் சேர வேண்டிய பங்கு ஆண்டுதோறும் தர்காவைச் சென்றடையும். விளக்குக்கு எண்ணெய், வழிப்போக்கருக்கு உணவு, அங்கே பணி செய்வோரின் வாழ்வு ஆகிய அனைத்தும் அதைக் கொண்டே நடைபெறும். கோயில்களுக்கு வாரி வழங்கிய அதே அரசி, கிறித்தவப் பாதிரிமார்களுக்கும் தம் நாட்டில் இடம் கொடுத்தார்.

இதை வெறும் பெருந்தன்மை என்று சொல்லி முடித்துவிடலாகாது. குழந்தையின் பெயரால் ஆள்பவருக்குத் தம் ஆணையை மக்கள் மனமுவந்து ஏற்க வேண்டிய தேவை எவரைவிடவும் அதிகம். படைபலத்தால் மட்டும் அதைப் பெற முடியாது. ஒவ்வொரு சமூகத்தாரும் தத்தம் புனித இடத்தில் அரசின் நிழலை உணரும்போதுதான் அது கிடைக்கும். அறமும் அரசியலும் இங்கே ஒரே கையெழுத்தில் இணைந்தன. அப்படி இணைந்தது குறையன்று. நல்லாட்சி என்பது அதுவே.

அந்நாள் எத்தகையது என்பதற்கு நம் வட்டாரத்திலேயே இன்னொரு சான்றும் உண்டு. பெருமானார் (ஸல்) அவர்களின் வரலாற்றைத் தமிழில் காப்பியமாகப் பாடிய உமறுப்புலவர் மங்கம்மாளின் காலத்தவர். எட்டயபுரம் பாளையக்காரரின் அவையில் புலவராக விளங்கி, அந்த ஊரிலேயே அடக்கமானவர். சீறாப்புராணம் உருவாகக் காரணமாயிருந்த வள்ளல் சீதக்காதியும் அதே தலைமுறையைச் சேர்ந்தவர். ஓர் இந்து சிற்றரசரின் அவையில் ஒரு முஸ்லிம் புலவர் மதிப்போடு வாழ்ந்தார். பேரரசியோ தர்காவுக்கு ஊர்களைக் கொடுத்தார்.

கடலுக்கு அப்பாலும் இதே காலத்தில் பெண்கள் ஆட்சி செய்துகொண்டிருந்தனர். தமிழக முஸ்லிம் வணிகர்கள் கப்பலேறிச் சென்ற சுமத்திராத் தீவின் அச்சே சுல்தானகத்தில் 1641 முதல் 1699 வரை நான்கு முஸ்லிம் பெண்கள் ஒருவர்பின் ஒருவராக அரியணையில் இருந்தனர். முதலாமவரான சுல்தானா தாஜுல் ஆலம் ஸஃபியத்துத்தீன் மட்டும் 34 ஆண்டுகள் ஆண்டார். அவருடைய ஆதரவில் மார்க்க நூல்கள் பல மலாய் மொழியில் எழுதப்பட்டன. நம் முன்னோரான மரக்காயர்கள் அச்சேயில் ஓர் அரசியிடம் வணிக அனுமதி பெற்றுத் தாயகம் திரும்பினால், இங்கே இன்னோர் அரசியின் சாலையில் நடந்தனர்.

கோட்டைக்குள் ஒரு சத்தியம்

மங்கம்மாளின் பேரன் விஜயரங்க சொக்கநாதர் 1732-இல் ஆண் வாரிசின்றி இறந்தார். அவருடைய மனைவி மீனாட்சி ஆட்சிப் பொறுப்பை ஏற்றார். உறவினரான பங்காரு திருமலையின் சிறு மகனைச் சுவீகாரம் எடுத்து, அவன் பெயரால் நாட்டை நடத்தலானார். மங்கம்மாள் நடந்த அதே வழிதான். ஆனால் குழந்தையின் தந்தையான பங்காரு திருமலை, ஆட்சி தமக்கே உரியது என்று எதிர்த்து நின்றார். அரண்மனை இரண்டு அணிகளாகப் பிரிந்தது.

1734-இல் ஆர்க்காட்டு நவாப் தோஸ்த் அலி, திறை தண்டுவதற்காகத் தம் மகன் சஃப்தர் அலியையும் மருமகன் சந்தா சாகிபையும் படையுடன் தெற்கே அனுப்பினார். வழக்கைக் கேட்ட சஃப்தர் அலி பங்காரு திருமலைக்குச் சாதகமாகச் சொல்லிவிட்டு ஊர் திரும்பினார். பின்தங்கிய சந்தா சாகிபிடம் மீனாட்சி உதவி கேட்டார். ஒரு கோடி ரூபாய் தருவதாகப் பேச்சு முடிந்தது. பணம் மட்டும் போதாது, பாதுகாப்புக்கு உறுதிமொழி வேண்டும் என்று அரசி கேட்க, சந்தா சாகிப் குர்ஆன்மீது சத்தியம் செய்துகொடுத்தார் என்று வரலாற்று நூல்கள் கூறுகின்றன. அது குர்ஆனே அன்று, பகட்டான துணியில் பொதிந்த வெறும் செங்கல் என்றொரு கதையும் வழிவழியாகச் சொல்லப்பட்டு வருகிறது.

1736-இல் சந்தா சாகிப் மீண்டும் திருச்சிக்கு வந்தார். அரசியின் நண்பராகவே கோட்டைக்குள் நுழைந்தார். பங்காரு திருமலைமீது படையனுப்பித் திண்டுக்கல்லையும் மதுரையையும் கைப்பற்றினார். எதிரி ஒழிந்த பிறகு காப்பவராக வந்தவரின் முகம் மாறியது. அரசி தம் கோட்டையிலேயே சிறைப்பட்டார். வேறு வழி காணாத மீனாட்சி நஞ்சுண்டு உயிர் துறந்தார். மதுரை நாயக்கர் அரசு அவரோடு முடிந்தது.

செங்கல்லா, வேதமா?

செங்கல் கதை சிலருக்கு ஆறுதல் தரலாம். குர்ஆன் இல்லாதபோது சத்தியமும் இல்லையே என்று வாதிடலாம். ஆனால் நம் மார்க்கம் அந்த வாசலைத் திறந்து வைக்கவில்லை. ஏமாற்றும் எண்ணத்தோடு கொடுக்கும் வாக்கு, கையின்கீழ் எது இருந்தாலும், ஏமாற்றே. கேட்பவர் எதை நம்பினாரோ அதுதான் வாக்கின் பொருள். சொல்லப்போனால் செங்கல் கதை குற்றத்தைக் கூட்டுகிறதே அன்றிக் குறைக்கவில்லை. அப்போது அது கணநேர ஆசையில் மீறப்பட்ட சத்தியமாக இராது. முன்கூட்டியே திட்டமிட்ட வஞ்சகமாகிவிடும்.

வாக்குக் கொடுத்தவர் முஸ்லிம், வாங்கியவர் முஸ்லிம் அல்லாதவர் என்பதும் எதையும் மாற்றாது. ஹுதைபியா உடன்படிக்கையை நினைத்துப் பாருங்கள். உடன்படிக்கை எழுதப்பட்டுக்கொண்டிருக்கும்போதே, மக்காவாசிகளின் தூதரான சுஹைலின் மகன் அபூஜந்தல் (ரலி) கால்விலங்கோடு தப்பி வந்து அடைக்கலம் கேட்டார். பேசி முடித்த நிபந்தனைப்படி அவரைத் திருப்பி அனுப்ப வேண்டியிருந்தது. தோழர்களின் கண்களில் கண்ணீர். அந்த வேதனையான நிலையிலும், பொறுமையாக இருக்கும்படி அவருக்கு ஆறுதல் கூறி, பெருமானார் (ஸல்) அவர்கள் வாக்கைக் காத்தார்கள். இணைவைப்போரோடு செய்த உடன்படிக்கை அது. துயரத்தில் தோழர்கள் செயலிழந்து நின்றபோது, முதலில் தாங்களே குர்பானி கொடுத்துத் தலைமுடியைக் களையுமாறு பெருமானாருக்கு ஆலோசனை சொன்னவர் அன்னை உம்மு ஸலமா (ரலி) அவர்கள். வாக்கைக் காத்த அந்த நாளில் ஒரு பெண்ணின் அறிவுரையும் சமூகத்தைத் தூக்கி நிறுத்தியது.

கிரானடாவுக்காக அழும் நாம்

ஸ்பெயினில் முஸ்லிம்களின் கடைசி அரசான கிரானடா வீழ்ந்ததை நாம் குத்பாக்களிலும் நூல்களிலும் அடிக்கடி கேட்கிறோம். அந்த வரலாற்றின் மையத்திலும் ஒரு பெண் இருக்கிறார். 1474-இல் கஸ்தீலியாவின் அரசியான இசபெல்லா, பேரனுக்காகவோ மகனுக்காகவோ ஆண்டவர் அல்லர். தம் சொந்த உரிமையால் ஆண்டவர். கணவர் பெர்டினாண்டோடு சேர்ந்து 1491 நவம்பரில் கிரானடா மக்களுடன் ஓர் உடன்படிக்கை செய்தார். முஸ்லிம்களின் பள்ளிவாசல்கள், தொழுகை, சட்டம், சொத்து ஆகிய யாவும் காக்கப்படும் என்று அதில் உறுதியளிக்கப்பட்டது. 1492 சனவரியில் நகரம் ஒப்படைக்கப்பட்டது.

எட்டாண்டுகள்கூட அந்த வாக்கு நிற்கவில்லை. 1499-இல் கர்தினால் சிஸ்நேரோஸ் கிரானடாவுக்கு வந்து கட்டாய மதமாற்றத்தைத் தொடங்கினார். அரபு நூல்கள் நகரச் சதுக்கத்தில் குவித்து எரிக்கப்பட்டன. 1502-இல் ஞானஸ்நானம் அல்லது நாடு துறத்தல் என்ற ஆணை பிறந்தது. 1567-இல் அரபுப் பேச்சு, முக்காடு, குளியல் மண்டபம் அனைத்தும் தடை செய்யப்பட்டன. உள்ளே தொழுகை நடக்கிறதா என்று பார்ப்பதற்காக, வெள்ளிக்கிழமைகளில் வீட்டுக் கதவைத் திறந்தே வைத்திருக்க வேண்டும் என்றும் ஆணை வந்தது. இறுதியாக 1609 முதல் 1614 வரை ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் நாடு கடத்தப்பட்டனர்.

இந்த நூறாண்டில் மார்க்கத்தைக் காத்தவர்கள் பெரும்பாலும் பெண்கள். பள்ளிவாசல் பறிபோன பிறகு அடுப்படிதான் மதரஸாவானது. பிள்ளைக்குத் தொழுகை சொல்லிக்கொடுத்ததற்காகவும், நோன்பு நோற்றதற்காகவும், பன்றிக்கறியை விலக்கியதற்காகவும், வெள்ளிக்கிழமை உடை மாற்றியதற்காகவும் பெண்கள் விசாரணை மன்றத்தின்முன் நிறுத்தப்பட்டனர். உபேதா ஊரைச் சேர்ந்த ஒரு முஸ்லிம் மூதாட்டியிடம் மார்க்க விளக்கம் கேட்க மக்கள் சென்றதை அக்காலத்து எழுத்தாளர் ஒருவர் பதிவு செய்திருக்கிறார். அரபு மொழி மறைந்துகொண்டிருந்தபோது, ஸ்பானிய மொழியையே அரபு எழுத்தில் எழுதி மார்க்கத்தைப் பிள்ளைகளுக்குக் கடத்தினர். அர்வி எனும் அரபுத்தமிழில் ஓதிப் பழகிய நம் பாட்டிமாருக்கு இது அந்நியமாகத் தோன்றாது. அவர்கள் அச்சத்தில் செய்ததை இவர்கள் அமைதியில் செய்தனர். கீழக்கரை ஆசியா உம்மா போன்ற பெண்கள் ஞானப்பாடல்களே இயற்றும் அளவுக்கு அந்தக் கல்வி இங்கே செழித்தது. அவ்வாறு செழிப்பதற்கு இந்த நாட்டில் வாக்குகள் பெரும்பாலும் காக்கப்பட்டதும் ஒரு காரணம் என்பதை மறவாதிருப்போம்.

கிரானடாவில் ஓர் அரசி முஸ்லிம்களுக்குக் கொடுத்த வாக்கு மீறப்பட்டது. திருச்சியில் ஒரு முஸ்லிம் ஓர் அரசிக்குக் கொடுத்த வாக்கு மீறப்பட்டது. அளவில் இரண்டும் ஒன்றல்ல. அங்கே ஒரு சமுதாயமே வேரறுக்கப்பட்டது; இங்கே வீழ்ந்தது ஓர் அரச குடும்பம். ஆனால் தராசு ஒன்றுதான். முன்னதற்காக அழுதுவிட்டுப் பின்னதை ஒரு தந்திரசாலியின் வெற்றியாகக் கதை சொன்னால், நம் கண்ணீருக்கு மதிப்பில்லாமல் போய்விடும்.

அதன் பின்

சந்தா சாகிபுக்கு அந்த வெற்றி நெடுநாள் நிலைக்கவில்லை. 1741-இல் மராட்டியர் திருச்சியைப் பிடித்து அவரைச் சதாராவுக்குச் சிறைகொண்டு சென்றனர். 1748-இல் விடுதலையாகி மீண்டும் ஆட்சிக்குப் போராடியவர், 1752-இல் தம்மைச் சரணடைந்தவராக ஏற்றுக் காப்பதாகச் சொன்ன தஞ்சைத் தளபதியின் முகாமிலேயே கொல்லப்பட்டார். பாதுகாப்பு உறுதிமொழியை நம்பிச் சென்ற இடத்தில் அவருடைய உயிர் போயிற்று. இதில் படிப்பினை காண்பவர்கள் காணட்டும். தீர்ப்பு அல்லாஹ்வுக்கே உரியது.

நாயக்கர் அரசு மறைந்த பின் தெற்கத்திச் சீமை யாருக்கு உரியது என்ற கேள்விக்குப் போரே விடையானது. ஆர்க்காட்டு நவாபும் ஆங்கிலக் கம்பெனியும் பாளையங்களில் வரி தண்டப் படையெடுத்தனர். 1755-இல் நவாபின் அண்ணன் மாபூஸ்கானும் ஆங்கிலத் தளபதி ஹெரானும் திருநெல்வேலிச் சீமைக்குள் வந்தனர். 1799-இல் கயத்தாற்றில் கட்டபொம்மன் தூக்கிலிடப்பட்டது வரை இந்தக் கரிசல் மண் அமைதி காணவில்லை. அத்தனைக்கும் ஒரே ஒரு பொய்ச் சத்தியம்தான் காரணம் என்று சொல்வது மிகையாகும். ஆனால் வாக்குக்கு மதிப்பில்லாத இடத்தில் பீரங்கி பேசத் தொடங்கும் என்பதை நம் வட்டாரம் நேரில் கண்டது.

எதிர்மறையான சான்றும் பக்கத்துச் சீமையிலேயே உண்டு. 1772-இல் சிவகங்கை மன்னர் முத்துவடுகநாதர் காளையார்கோவிலில் கொல்லப்பட்டபோது, அரசி வேலுநாச்சியார் மகளோடு திண்டுக்கல் பக்கம் விருப்பாட்சிக்குச் சென்றார். அங்கே அவருக்கு மைசூரின் ஹைதர் அலி ஆதரவு அளித்தார். எட்டாண்டுகள் கடந்த பின், 1780-இல், ஹைதரின் படையுதவியோடு அரசி தம் நாட்டை மீட்டார். அவரும் ஒரு முஸ்லிம் ஆட்சியாளர். வேலுநாச்சியாரும் விதவையான ஓர் இந்து அரசி. ஹைதருக்கும் அதில் அரசியல் நலன் இருந்தது. ஆங்கிலேயரும் நவாபும் அவருக்கும் பகைவர்களே. ஆயினும் அடைக்கலம் தேடி வந்த பெண்ணின் நாட்டைத் தமதாக்கிக்கொள்ளாமல் அவரிடமே சேர உதவினார். ஆகவே பிழை சமயத்தில் இல்லை, மனிதரில் இருக்கிறது. பெருமையும் அவ்வாறே.

ஒரே வளாகத்தில்

திருச்சி நத்ஹர் வலி தர்காவுக்குச் செல்வோர் அங்கே பல அடக்கத்தலங்களைக் காணலாம். சந்தா சாகிபும் இவ்வளாகத்தில்தான் அடக்கம் செய்யப்பட்டார் என்று பழைய அரசு விவரக் குறிப்புகள் கூறுகின்றன. அவரோடு போரிட்ட நவாப் முகம்மது அலி வாலாஜாவின் உடலும் இங்கேதான் அடங்கியிருக்கிறது. ஓர் இந்து அரசியின் மானியத்தால் வளர்ந்த தர்காவில், இன்னோர் இந்து அரசிக்கு வாக்குத் தவறியவரும் உறங்குகிறார். மங்கம்மாளின் கொடையால் வந்த எண்ணெயில் எரிந்த விளக்கு, அனைவரின் மண்ணறைக்கும் ஒன்றுபோலவே ஒளி தந்திருக்கும்.

நம் பிள்ளைகளை அங்கே அழைத்துச் செல்லும்போது மானியத்தின் கதையைச் சொல்வோம். அதே இடத்தில் நின்று மீனாட்சியின் கதையையும் சொல்வோம். நம்மவர் என்பதற்காக ஒருவரின் தவற்றை மூடி மறைக்கும் வழக்கத்தை மார்க்கம் நமக்குக் கற்பிக்கவில்லை. பெற்றோருக்கோ உறவினருக்கோ நமக்கோ எதிராக அமைந்தாலும் நீதிக்குச் சாட்சி சொல்லவே நாம் கட்டளையிடப்பட்டிருக்கிறோம். இந்த இரண்டு கதைகளையும் சேர்த்துக் கேட்ட பிள்ளை, நாளை கடையில் ஒருவரிடம் கடன் வாங்கினாலும், மருமகளுக்கு மஹர் பேசினாலும், அண்டை வீட்டாரின் நகையைப் பாதுகாக்க வாங்கி வைத்தாலும், தன் சொல்லுக்கு என்ன எடை என்பதை அறிந்திருக்கும். அரசர்களின் சத்தியத்துக்கும் நம் வீட்டுச் சத்தியத்துக்கும் வேறு வேறு தராசு கிடையாது.

திருக்குர்ஆனின் 16-ஆவது அத்தியாயமான அந்நஹ்லில், வாக்குறுதியை முறிப்பவருக்கு ஓர் உவமை வருகிறது. பாடுபட்டு உறுதியாக முறுக்கி நூற்ற நூலைத் தானே பிரித்துப் பஞ்சாக்கிவிடும் பெண்ணைப் போல ஆகிவிட வேண்டாம் என்று அங்கே எச்சரிக்கப்படுகிறோம். பருத்தி விளையும் கரிசலுக்கும் நூற்பாலைகள் நிறைந்த கோவில்பட்டிக்கும் இந்த உவமையை விளக்கத் தேவையில்லை. பஞ்சு நூலாவதற்கு எவ்வளவு உழைப்பு வேண்டும் என்பதையும், பிரிந்த நூலில் துணி நெய்ய முடியாது என்பதையும் இந்த ஊர்ப் பெண்கள் கைப்பழக்கத்தாலேயே அறிவார்கள். சமூகங்களுக்கிடையே நம்பிக்கையும் அப்படி நூற்கப்பட்டதுதான். மங்கம்மாளும் உமறுப்புலவரும் எட்டயபுரத்து அவையும் சேர்ந்து நூற்ற நூல் நம் கையிலும் வந்து சேர்ந்திருக்கிறது.

அல்லாஹ் நம் அனைவரையும் கொடுத்த வாக்கைக் காப்பவர்களாகவும், நமக்கு எதிராக இருப்பினும் உண்மையைச் சொல்பவர்களாகவும் ஆக்கியருள்வானாக. ஆமீன்.